மணிக்கூட்டைச் சுவரில் மாட்டுமுன்

வெள்ளவத்தை,
கொழும்பு 06.

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதிக்கொள்வது. நானும் அம்மாவும் நல்ல சுகம். மருமகனும் பேரனும் நீயும் சுகமாயிருக்க வேண்டுகிறோம்.

பெரியம்மாவின் மகன் அடுத்த மாதம் லண்டன் திரும்பும்போது அப்பப்பாவின் மணிக்கூட்டைக் கையோடு கொண்டுவருவான். ஊசலைத் தனியாகக் கழற்றி அம்மாவின் பழைய சேலைத் துண்டில் சுற்றி வைத்திருக்கிறேன். அதை மாட்டியபடியே கொண்டுபோனால் ஊசல் தொங்குகிற மெல்லிய தகடு முறிந்துவிடும். வீட்டை இடிக்கக் கொடுத்தாயிற்று. புது ஃபிளாட்டில் ஆணி அடிக்கவும் ஆரையாவது கேட்க வேண்டியிருக்கும். அதனால் மணிக்கூட்டை நீ கேட்டது எங்களுக்கும் ஆறுதல்தான். போனில் சொன்னால் பாதி மறந்துவிடுவாய் என்று விபரமாக எழுதுகிறேன்.

முதலில் ஒன்று. அந்த மணிக்கூடு இங்கே வாரத்துக்கு அரை நிமிடம்கூடப் பிசகாது. அங்கே மாட்டிய அடுத்த நாளே இரண்டு நிமிடத்துக்கு மேல் முந்தி ஓடும். வழியில் பழுதாகிவிட்டது என்று நினைத்து எந்தக் கடைக்காரனிடமும் கொடுத்துவிடாதே. மணிக்கூட்டில் பிழை இல்லை. இடம் மாறினால் அப்படித்தான் ஓடும்.

ஏன் என்பதை நீ பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறாய். ஊசலின் ஆட்டத்துக்கு எடுக்கும் நேரம் அதன் நீளத்தையும் புவியீர்ப்பையும் பொறுத்தது. குண்டு பாரமா இலேசா என்பது கணக்கில் வராது. ஆட்டம் சிறிதாயிருக்கும் வரை, கொஞ்சம் கூட ஆடினாலும் குறைய ஆடினாலும் நேரம் ஏறக்குறைய ஒன்றுதான். ஆனால் ஈர்ப்பு எல்லா ஊரிலும் ஒன்றல்ல. கொழும்பில் 9.781, லண்டனில் 9.812. இந்த இத்தனூண்டு வித்தியாசத்தை நாள் முழுக்கக் கூட்டிப் பார்த்தால் 137 செக்கன் வருகிறது. நான் இரண்டு தரம் கணக்குப் போட்டுப் பார்த்தேன்.

இந்த வித்தியாசம் எங்கிருந்து வருகிறது என்று யோசித்துப் பார் பிள்ளை. பூமி சுழல்வதால். வெள்ளவத்தையில் கதிரையில் இருக்கிற நான் மணிக்கு ஏறத்தாழ 1,660 கிலோமீற்றர் வேகத்தில் கிழக்கே சுற்றிக்கொண்டிருக்கிறேன். லண்டனில் நீ 1,040 கிலோமீற்றர் வேகத்தில். அந்தச் சுழற்சியால் பூமியே நடுவில் கொஞ்சம் பிதுங்கிவிட்டது. பிதுங்கின இடத்தில் நாங்கள் பூமியின் மையத்திலிருந்து சற்றுத் தூரம். அதோடு சுழற்சியும் எங்களை மெல்ல வெளியே தள்ளுகிறது. இரண்டும் சேர்ந்து ஈர்ப்பைக் குறைக்கிறது. 1672 இல் ரிஷே என்ற பிரெஞ்சுக்காரர் தன் ஊசல் மணிக்கூட்டோடு தென்னமெரிக்காவின் கயேனுக்குப் போனார். அதுவும் எங்களைப் போலப் பூமத்திய ரேகைக்குக் கிட்ட உள்ள ஊர். பாரிஸில் சரியாக ஓடிய மணிக்கூடு அங்கே நாளொன்றுக்கு இரண்டரை நிமிடம் பிந்தியது. பூமி முழு உருண்டையில்லை, நடுவில் பிதுங்கியிருக்கிறது என்று நியூற்றன் வாதிட்டபோது இதையும் ஒரு சான்றாக எடுத்துக்கொண்டார். அப்பப்பாவின் மணிக்கூடு இப்போது அதே பயணத்தை மறுபக்கமாகப் போகப்போகிறது. அதை நினைக்க நினைக்க எனக்கு நித்திரை வரவில்லை.

சுழற்சியும் ஆட்டமும் வேறு வேறு இல்லை என்று உனக்கு நான் முதலில் காட்டினது ஞாபகம் இருக்கிறதா? 1996, மழை பொய்த்து நாடு முழுக்க மின்வெட்டு. உனக்குப் பத்து வயது. இருட்டில் பயந்து அழுதுகொண்டிருந்தாய். நான் என் சைக்கிளை விறாந்தையில் தலைகீழாக நிறுத்தினேன். ஈர்க்குச்சி ஒன்றில் ஒரு சின்னத் தேசிக்காயைக் குத்தி, பின்சில்லின் டயரிலிருந்து பக்கவாட்டில் நீட்டி நிற்கும்படி நூலால் கட்டினேன். டோர்ச்சைச் சில்லின் விளிம்புக்கு நேராகப் பிடித்து உன் கையில் தந்துவிட்டு, பெடலை ஒரே சீராகச் சுற்றினேன். சுவரில் சில்லின் நிழல் ஒரு கறுத்தப் பட்டியாக நின்றது. அதன் ஓரத்தில் தேசிக்காயின் நிழல் மட்டும் மேலும் கீழும் போய்வந்தது. உச்சியில் போய் ஒரு கணம் தயங்கியது, நடுவில் விறுவிறுவென்று இறங்கியது, அடியில் மறுபடி தயங்கியது. "அப்பா, தேசிக்காய் ஊஞ்சல் ஆடுது" என்றாய். பக்கத்தில் போய்ப் பார்த்தால் அது சீராகச் சுற்றிக்கொண்டிருக்கிறது. சுவரைப் பார்த்தால் ஆடுகிறது. எட்டு வருடம் கழித்து எளிமை இசை இயக்கம் என்று இந்த ஆட்டத்தின் கணக்கைப் படிக்க உட்கார்ந்தபோது அந்தத் தேசிக்காய் உனக்கு உதவியிருக்கும் என்று நம்புகிறேன்.

அம்மாவின் தையல் மெசினில் இதே விஷயம் ஒரு நாளைக்கு ஆயிரம் தரம் நடந்தது. காலடித் தட்டு முன்னும் பின்னும் ஆடுகிறது. ஒரு கம்பி அந்த ஆட்டத்தைப் பெரிய சில்லுக்குக் கொண்டுபோய்ச் சுழலாக்குகிறது. தோல் பெல்ட் மேலே ஏற்றுகிறது. தலைக்குள் போனதும் சுழல் மறுபடி ஊசியின் ஏற்ற இறக்கமாகிறது. நீ ஆறு வயதில் ஏறி மிதித்து நூல் அறுந்ததும் அழுதாயே, அது உன் பிழையில்லை. கம்பியும் அச்சின் முழங்கையும் ஒரே நேர்கோட்டில் வரும் இடம் ஒன்று இருக்கிறது. அந்த இடத்தில் எவ்வளவு மிதித்தாலும் சில்லு திரும்பாது. திரும்பினாலும் எந்தப் பக்கம் என்று சொல்ல முடியாது. உனக்கு அது பின்பக்கம் திரும்பிவிட்டது. ஓடத் தொடங்கின பிறகு சில்லின் பாரமே அந்த இடத்தைத் தாண்டிக் கொண்டுபோகும். அதனால்தான் அம்மா ஒவ்வொரு தடவையும் தொடங்கும்போது வலது கையால் மேல் சில்லை ஒரு தட்டுத் தட்டிவிட்டு மிதிப்பாள்.

இரத்மலானை ரயில் பட்டறையில் நான் சேர்ந்த புதிதில் பழைய நீராவி எஞ்சின் ஒன்றின் சில்லுகளைப் பார்த்தேன். இடப்பக்கக் கம்பியும் வலப்பக்கக் கம்பியும் கால்வட்டம் தள்ளிப் பூட்டியிருந்தது. ஒரு பக்கம் அந்த முடங்கின இடத்தில் நிற்கும்போது மற்றப் பக்கம் முழுப் பலத்தோடு தள்ளும். எத்தனை நூறு தொன் பின்னால் இழுத்தாலும் எந்த இடத்தில் நின்றாலும் வண்டி புறப்படும். அம்மாவின் கைத்தட்டைத்தான் அங்கே இரும்பில் செய்து வைத்திருந்தார்கள்.

பேரன் போனில் கேட்டானே, "அம்மப்பா, ஊசலை ஆர் ஆட்டுறது?" என்று. நல்ல கேள்வி. அவனுக்கு இப்படிச் சொல். உள்ளே சுருட்டி வைத்த வில் ஒன்று இருக்கிறது. விட்டால் ஒரே மூச்சில் சுற்றி முடித்துவிடும். அதைக் கடைசிப் பற்சில்லில் நங்கூரம் போன்ற ஒரு துண்டு தடுத்துப் பிடிக்கிறது. ஊசல் ஒரு தரம் போய்வந்தால் ஒரு பல்லை மட்டும் விடுகிறது. விடுகிற நேரத்தில் அந்தப் பல் நங்கூரத்தை மெல்ல ஒரு தள்ளுத் தள்ளுகிறது. அந்தத் தள்ளுத்தான் காற்றில் இழந்ததை ஊசலுக்குத் திருப்பிக் கொடுக்கிறது. பூங்காவில் அவனை ஊஞ்சலில் வைத்து, அவன் திரும்பிப் போகத் தொடங்கும் சரியான நேரம் பார்த்து நீ விரலால் தள்ளுகிறாயே, அதே வேலை. நேரம் தப்பித் தள்ளினால் ஊஞ்சல் நின்றுபோகும். 1656 இல் ஹைகென்ஸ் என்ற டச்சுக்காரர் முதல் ஊசல் மணிக்கூட்டை அமைத்த நாளிலிருந்து இந்தக் கொடுக்கல் வாங்கல் நடக்கிறது.

இனி வேலையைச் சொல்கிறேன்.

செங்கல் சுவராகப் பார்த்து மாட்டு. பலகைச் சுவர் வேண்டாம். சுவர் இம்மியளவு அசைந்தாலும் ஊசலின் பலத்தை அது குடித்துவிடும், மணிக்கூடு இரண்டு மணித்தியாலத்தில் நின்றுவிடும். வோஷிங் மெசின் இருக்கிற அறையும் வேண்டாம். அது வேகம் கூடும்போது ஒரு கட்டத்தில் வீடே அதிரக் குலுங்கி, அதைத் தாண்டினதும் அடங்குவதைக் கவனித்திருப்பாய். சுழற்சியின் வேகம் அந்தப் பெட்டியின் சொந்த ஆட்டத்தோடு ஒத்துப்போகும் நேரம் அது.

ஊசலுக்கு அடியில் ஒரு சின்ன நட் இருக்கிறது. ஊசலின் நீளம் ஏறத்தாழ 25 சென்ரிமீற்றர். லண்டனுக்கு அதை 0.8 மில்லிமீற்றர் கூட்ட வேண்டும். நட்டை ஒரு முழுச் சுற்றுச் சுற்றினால் குண்டு அரை மில்லிமீற்றர் இறங்குகிறது, அளந்து பார்த்தேன். ஆகவே ஒன்றரைச் சுற்று இறக்கு. பித்தளைத் தண்டு குளிரில் சுருங்கும். உங்கள் வீடு எங்களுடையதைவிடப் பத்துப் பாகை குளிர் என்றால் அதனால் இன்னும் ஏழெட்டுச் செக்கன் முந்தும். அதற்கு மேலும் ஒரு துளி இறக்கு. ஒரேயடியாகச் சரிவராது. ஒரு நாள் விட்டுப் பார்த்து, நட்டை அசைத்து, மறுபடி ஒரு நாள் விடு. நட்டைத் தொடும்போது ஊசலை மற்றக் கையால் பிடித்துக்கொள், தகடு முறுகக் கூடாது.

சாவி ஞாயிற்றுக்கிழமைதோறும். எட்டு நாள் ஓடும். ஆனால் எட்டாம் நாள் வரை விடாதே. எண்ணெய் நீயாகப் போடாதே. இங்கே கடற்காற்றில் துருப்பிடித்த இரண்டு ஆணியை மாற்றி, சுத்தம் செய்து, தேவையான இடத்தில் தொட்டு வைத்திருக்கிறேன். சில வருடத்துக்கு அது காணும்.

கடைசியாக, சத்தம். டிக் என்பதற்கும் டக் என்பதற்கும் இடைவெளி சமமாயிருக்க வேண்டும். நொண்டி நடக்கிறவன் மாதிரிக் கேட்டால் பெட்டி சரிந்து தொங்குகிறது என்று அர்த்தம். கண்ணுக்கு நேராயிருக்கிறதா என்று பார்க்காதே. அடிப்பக்கத்தை இடமோ வலமோ மெல்ல நகர்த்திக் காதால் சரிபார். உனக்குச் சந்தேகமாயிருந்தால் போன் எடுத்து அம்மாவிடம் கொடுக்கச் சொல்லிவிட்டு, உன் போனை மணிக்கூட்டுக்குக் கிட்டப் பிடி. முப்பது வருடம் அதற்குக் கீழே இருந்து தைத்தவள், ஒரு நிமிடம் கேட்டாலே எந்தப் பக்கம் தள்ள வேண்டும் என்று சொல்லிவிடுவாள். நேற்றிரவும் எழும்பி விறாந்தையில் நின்றாள். என்னவென்று கேட்டேன். சத்தத்தைக் காணவில்லை என்றாள். மாட்டின அன்றைக்கே எடு, நேரம் பார்க்காதே. இங்கே நடுச்சாமமானாலும் எடு.

அன்புடன்,
அப்பா