தனுஷ்கோடிக்குப் பேய்க்கதை எதற்கு?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பள்ளிக்கூட விடுமுறை விட்டால் போதும், தனுஷ்கோடிக் கூட்டத்தைப் படம் பிடித்துப் போட்டுவிடுகிறீர்கள். வண்டிகள் வரிசைகட்டி நிற்பது தெரிகிறது, நிலம் முடிகிற அரிச்சல்முனையில் செல்ஃபி எடுப்பவர்கள் தெரிகிறார்கள். வந்தவர்கள் எதைத் தெரிந்துகொண்டு திரும்பினார்கள் என்று மட்டும் யாரும் கேட்பதில்லை. அதற்காகத்தான் எழுதுகிறேன்.

நான் பாம்பன்காரன். 2017-ல் அரிச்சல்முனை வரை தார்ச்சாலை போடுவதற்கு முன்னால், முகுந்தராயர் சத்திரத்திலிருந்து மணலில் வேன் ஓட்டியவன். டயரில் காற்றைக் குறைத்துவிட்டு, அலை நனைத்துவிட்டுப் போன தடத்தைப் பார்த்துப் பார்த்து ஓட்ட வேண்டும். கொஞ்சம் அசந்தால் சக்கரம் அச்சு வரை இறங்கிவிடும். சவாரி ஏறியவர்களே இறங்கித் தள்ள வேண்டியதுதான். இப்போது வண்டியை விற்றுவிட்டு வீட்டோடு இருக்கிறேன். மகள் குடும்பம் நியூசிலாந்தில் வெலிங்டன் நகரத்தில் இருக்கிறது. அங்கே போயிருந்தபோது பேத்தி என்னை ஓர் அரை நாள் சுற்றுலாவுக்கு இழுத்துக்கொண்டு போனாள். 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' என்று ஒரு மாயாஜாலப் படம், மூன்று பாகமாக 2001, 2002, 2003 என்று வருஷத்துக்கு ஒன்றாக வந்தது. விட்டலாச்சார்யா படம் பார்த்து வளர்ந்த என் வயதுக்காரர்களுக்கு விளக்கம் தேவையில்லை. பூதம், மந்திரவாதி, பேசுகிற மரம் எல்லாம் உண்டு. அதைப் படம் பிடித்த இடங்களை வேனில் கூட்டிப்போய்க் காட்டுகிறார்கள். காலையில் ஏறினால் மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துவிடலாம்.

சவாரி ஓட்டியே பிழைத்தவன் என்பதால் எனக்குப் படத்தைவிட, எங்களைக் கூட்டிப்போன ஆள் தொழில் செய்கிற விதத்தில்தான் கண். அவரேதான் ஓட்டுநர், அவரேதான் வழிகாட்டி. வண்டியில் பத்துப் பேருக்குள்தான் ஏற்றினார்.

முதலில் போனது ஊருக்கு நடுவிலேயே இருக்கிற மவுண்ட் விக்டோரியா என்ற குன்றுக்கு. காற்று என்றால் அப்படி ஒரு காற்று. பழைய பாம்பன் பாலத்தில் ரயில் ஓடிய காலத்தில், காற்று மணிக்கு 58 கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டினால் ரயிலையே நிறுத்திவிடுவார்கள். அந்த ஊரில் பிறந்தவனே தொப்பியைக் கையால் அழுத்திக்கொண்டு நடந்தேன். பைன் மரங்களுக்கு நடுவே பாதையோரம் ஒரு பள்ளம். மண், வேர், சருகு, அவ்வளவுதான். நம் ஊர் ஆளாக இருந்தால் 'இதுக்கா காசு?' என்று கேட்டிருப்பார். வழிகாட்டி டேப்லெட்டை எடுத்து அந்த இடத்தில் எடுத்த காட்சியைக் காட்டினார். குள்ளர்கள் நாலு பேர் மரவேருக்கு அடியில் பதுங்கிக் கிடக்கிறார்கள். மேலே கறுப்பு அங்கி போட்டவன் குதிரையில் வந்து நின்று மோப்பம் பிடிக்கிறான். 1999 அக்டோபர் 11-ம் தேதி மொத்தப் படப்பிடிப்பும் தொடங்கியதே அந்தக் குன்றில்தானாம். "படத்தில் வருகிற பெரிய மரத்தை இங்கே தேடாதீர்கள். அது செய்து கொண்டுவந்து வைத்தது" என்று எடுத்த எடுப்பிலேயே சொல்லிவிட்டார். அப்புறம் எங்களில் நாலு பேரைப் பள்ளத்தில் குந்தவைத்துவிட்டு, தானே ஒரு கறுப்புப் போர்வையைப் போர்த்திக்கொண்டு மேலே வந்து நின்றார். பேத்தி போட்ட கூச்சலில் நாய் நடத்திக்கொண்டு போன அம்மாள் ஒருவர் திரும்பிப் பார்த்தார்.

குள்ளர்களை எப்படிக் குள்ளமாகக் காட்டினார்கள் என்பதையும் அங்கேயே செய்து காட்டினார். பேத்தி கையில் ஒரு கோலைக் கொடுத்து கேமராவுக்குப் பக்கத்தில் நிறுத்தினார். என்னைப் பின்னால் தள்ளிப் போகச் சொல்லி, இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று ஒரு கல்லுக்குப் பக்கத்தில் நிற்கவைத்தார். படத்தில் பார்த்தால் பேத்தி மந்திரவாதி உயரத்துக்கு நிற்கிறாள், நான் அவள் இடுப்புக்கு இருக்கிறேன். படத்திலும் பல இடங்களில் இதே தந்திரம்தானாம். அந்தப் போட்டோவை மகள் பிரிட்ஜ் கதவில் ஒட்டிவைத்திருக்கிறாள்.

அங்கிருந்து ஹட் ஆற்றை ஒட்டி வடக்கே போனோம். நெடுஞ்சாலை ஓரத்தில் ஒரு கல் குவாரி. இன்றைக்கும் கல் வெட்டுகிறார்கள், உள்ளே விடமாட்டார்கள், வெளியிலிருந்துதான் பார்க்க வேண்டும். அதற்குள்தான் பெரிய கோட்டைச் செட்டைப் போட்டு, இரவு இரவாக மாதக்கணக்கில் மழைச் சண்டையை எடுத்தார்களாம். இப்போது ஒரு செங்கல்கூட இல்லை. வண்டியை ஓரங்கட்டிவிட்டு அவர் ஒரு பையிலிருந்து போர்வீரர்கள் போடுகிற வளையச் சட்டையின் துண்டு ஒன்றை எடுத்து எங்கள் கையில் கொடுத்தார். இரும்பு மாதிரி மின்னுகிறது, தூக்கினால் எடையே இல்லை. பிளாஸ்டிக் குழாயை வளையம் வளையமாக நறுக்கி, ஒவ்வொன்றாகக் கையால் கோத்து, மேலே உலோகப் பூச்சு கொடுத்தது. வருஷக்கணக்கில் கோத்துக் கோத்து அந்த வேலைக்காரர்களின் விரல் ரேகையே தேய்ந்துபோனதாம். தங்கச்சிமடத்தில் காலையிலிருந்து இருட்டும் வரை வலை பொத்துகிறவர்களின் விரல்தான் எனக்கு ஞாபகம் வந்தது. அவரிடம் சொன்னேன், பேத்தி இங்கிலீஷில் மாற்றிச் சொன்னாள். வலை பொத்தும் ஊசி எப்படி இருக்கும் என்று அவர் கேட்டுக்கொண்டே வந்தார்.

அடுத்தது ஹார்கோர்ட் பூங்கா. மந்திரவாதிகள் இரண்டு பேர் பேசிக்கொண்டே நடக்கிற காட்சி. அதற்காகப் போட்ட பாதையை எடுத்துவிட்டு மறுபடி புல் பதித்துவிட்டார்கள். அங்கே சொல்ல வேறொன்றும் இல்லை, டீயும் பிஸ்கட்டும் கொடுத்தார். கடைசியாகக் கைடோக்கே என்ற காட்டுப் பூங்கா. வெலிங்டனுக்குக் குடிதண்ணீர் கொடுக்கிற ஆறு அது, அடியில் கிடக்கிற கூழாங்கல் தெரிகிறது. படத்தில் தேவர்கள் மாதிரி ஒரு கூட்டம் வாழ்கிற மாளிகை அங்கேதான் இருந்தது. படம் முடிந்ததும் எல்லாவற்றையும் பிரித்து எடுத்துவிட்டார்கள். இப்போது இருக்கிற வளைவு பிற்பாடு பார்வையாளர்களுக்காக வைத்தது. அதையும் அவரே சொல்லிவிட்டார். அருவியும் மாளிகையும் சேர்ந்து தெரிகிற காட்சியைக் காட்டி, எது இந்த ஆறு, எது சின்ன மாதிரி, எது கம்ப்யூட்டர் என்று விரல் வைத்துப் பிரித்துச் சொன்னார். அங்கங்கே போர்டு இருக்கிறது, வாகனம் நிறுத்த இடம் இருக்கிறது, கழிப்பறை மூக்கைப் பிடிக்காமல் போகிற மாதிரி இருக்கிறது.

இதை எதற்கு இவ்வளவு நீட்டினேன் என்றால், அவர் எங்களுக்குக் காட்டியது ஒரு பள்ளம், ஒரு குவாரி, ஒரு புல்தரை, ஓர் ஆற்றங்கரை. நடக்காத கதை. இது கற்பனை, இது செட் என்று சொல்லிச் சொல்லியே காட்டினார். அப்படியும் வேனில் இருந்த ஒருவர்கூட ஏமாந்த முகத்தோடு இறங்கவில்லை. நம் ஊரில் 1964 டிசம்பர் 22 இரவு ஒரு ஊரே கடலுக்குள் போனது. பாம்பனிலிருந்து தனுஷ்கோடிக்குப் போன பாசஞ்சர் ரயில் நூற்றுக்கும் மேற்பட்டவர்களோடு அலையில் அழிந்தது. இதை நாம் எப்படிச் சொல்கிறோம்? 'பேய் நகரம்' என்று.

யூடியூப்காரர்கள் இந்தப் பெயரைப் பிடித்துக்கொண்டார்கள். சிவப்பு எழுத்தில் 'நள்ளிரவில் கேட்கும் அலறல்' என்று போட்டுவிடுகிறார்கள். அதைப் பார்த்துவிட்டு வருகிறவர்கள், "அண்ணே, ராத்திரில சர்ச் மணி தானா அடிக்குமாமே?" என்று கேட்கிறார்கள். கூரையே இல்லாத சர்ச்சில் மணி எங்கே தொங்கும்? இதைக் கேட்டுக் கேட்டு, இப்போது வண்டி ஓட்டுகிற பையன்களில் சிலரும் கூட நாலு வரி சேர்த்துச் சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். சொன்னால் டிப்ஸ் கிடைக்கிறது, அவர்களைக் குறை சொல்லி என்ன? நிஜக் கதையை அவர்களுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

ஆள் இல்லாத ஊர் என்பதே பொய். சிதைந்த சர்ச்சுக்குக் கூப்பிடு தூரத்தில் மீனவக் குடும்பங்கள் குடிசை போட்டு வாழ்கின்றன. கரைவலை இழுக்கிறார்கள், கருவாடு காயப்போடுகிறார்கள், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகிறார்கள். இரண்டு பக்கமும் உப்புக்கடல். நடுவில் மணலைக் கையால் தோண்டினால் நல்ல தண்ணீர் ஊறுகிறது. பெண்கள் ஊற்றின் ஓரத்தில் குத்தவைத்து, சிரட்டையால் கலங்காமல் மேலாக மொண்டு மொண்டு குடத்தை நிறைப்பதை நான் வண்டியை நிறுத்திக் காட்டுவேன். ஒரு வாய் குடித்துப் பார்க்கச் சொல்வேன். சென்னையிலிருந்து வந்தவர்கள் குடித்துவிட்டு ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பார்கள். எந்தப் பேயாலும் அந்த முகத்தை வரவழைக்க முடியாது.

என் அப்பா தனுஷ்கோடிக் கப்பல்துறையில் மூட்டை தூக்கியவர். 1914-ல் பாம்பன் பாலம் திறந்த பிறகு எழும்பூரில் போட் மெயில் ஏறினால் தனுஷ்கோடியில் இறங்கலாம்; அங்கிருந்து கப்பலில் தலைமன்னார், மறுபடி ரயிலேறிக் கொழும்பு. கப்பல்களின் பெயர் இர்வின், கோஷன். அப்பா அவற்றைச் சொந்தக்காரர் பெயர் போலத்தான் சொல்வார். இப்போது அந்த ஸ்டேஷனில் நிற்கிற தூண்களுக்குப் பக்கத்தில் பாசிமாலையும் சங்கும் விற்கிறார்கள். விற்கட்டும், அதுவும் பிழைப்பு. ஆனால் அதே தூண் தெரிகிற பழைய போட்டோ ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டு, 'நீங்கள் நிற்கிற இடத்தில்தான் ரயில் வந்து நிற்கும், அந்தப் பக்கம் சுங்கக்காரர்கள் பெட்டியைத் திறந்து பார்ப்பார்கள்' என்று சொல்ல ஓர் ஆள் வேண்டாமா? புயலில் உடைந்த பாலத்தை ஸ்ரீதரன் என்ற இளம் பொறியாளர் 46 நாளில் சரிசெய்தார்; பிற்பாடு டெல்லி மெட்ரோவைக் கட்டியவரும் அவர்தான். பாலத்தில் வண்டியை நிறுத்திப் போட்டோ எடுக்கிறவர்களில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

மாவட்ட நிர்வாகமும் சுற்றுலாத் துறையும் சேர்ந்து ஓர் அரை நாள் சுற்றுலாவை இங்கே தொடங்கலாம். விடியற்காலையில் பாம்பனில் ஏற்றி, பழைய பாலம், 2025-ல் திறந்த புதிய தூக்குப் பாலம் இரண்டையும் காட்டிவிட்டு, 1897-ல் விவேகானந்தர் கரையிறங்கிய குந்துகாலுக்குப் போய், வெயில் ஏறுவதற்குள் தனுஷ்கோடி. மழைக்காலம் முடிந்து பூநாரை வந்திருந்தால் அதுவும். படம் எடுத்த இடங்களையும் காட்டலாம், தப்பே இல்லை. எந்தப் பாட்டுக்கு யார் எங்கே ஆடினார்கள் என்று எங்கள் ஓட்டுநர்களுக்கு அத்துப்படி. (படம் எடுக்க வருகிறவர்கள் தெர்மாகோலைக் கடற்கரையிலேயே விட்டுவிட்டுப் போவதை யார் கேட்பது என்று தெரியவில்லை. ஒருமுறை நானும் இன்னும் சிலரும் பொறுக்கி மூட்டை கட்டினோம். ஆமையும் கடல்பசுவும் இருக்கிற கடல் இது.)

வழிகாட்டிகளை வெளியூரிலிருந்து கொண்டுவர வேண்டாம். இங்கே வண்டி ஓட்டுகிற பையன்களுக்கே பயிற்சி கொடுத்து அட்டை கொடுங்கள், கட்டணத்தைப் போர்டில் எழுதிவையுங்கள். பயிற்சி கொடுக்க, 1964-ல் சிறுபிள்ளையாகத் தப்பித்து வந்தவர்கள் ராமேஸ்வரத்திலும் பாம்பனிலும் இன்னும் இருக்கிறார்கள். எழுபதை ஒட்டிய வயது அவர்களுக்கு. இதைத் தள்ளிப்போட்டால் கேட்க ஆள் இருக்காது. பழைய போட்டோ வைத்திருக்கிற வீடுகளும் இருக்கின்றன, கேட்டால் பிரதி எடுக்கக் கொடுப்பார்கள். எங்கள் வீட்டில் அப்பாவின் கூலி பில்லை ஒன்று இருக்கிறது, பித்தளை. நானே கொண்டுவந்து காட்டுகிறேன்.

ஒரு வேண்டுகோள்: வண்டிக்குப் பத்துப் பேருக்கு மேல் ஏற்ற வேண்டாம், மைக் செட் வேண்டவே வேண்டாம்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வேன் ஓட்டுநர்,
பாம்பன், ராமநாதபுரம் மாவட்டம்.