சுமைகூலி முக்கால் பணம்

அன்புள்ள கயலுக்கு,

நேற்று ராத்திரி நீ அனுப்பிய ஓட்டுநர் உரிமச் செலவுப் பட்டியலை இரண்டு தடவை படித்தேன். பழகுநர் உரிமத்துக்கு இவ்வளவு, கண் பரிசோதனைக்கு இவ்வளவு, எழுத்துத் தேர்வுக்கு இவ்வளவு, பயிற்சிக்கு மணிக்கு இவ்வளவு என்று வரிசையாகப் போட்டுவிட்டு, கடைசியில் "ரெண்டாவது தடவையும் போச்சும்மா, இனிமேல் என்னால் முடியாது, பஸ்ஸிலேயே போய்க்கிறேன்" என்று முடித்திருந்தாய். போனில் கூப்பிட்டால் "சரிம்மா, சரிம்மா" என்று வைத்துவிடுவாய். அதனால்தான் எழுதுகிறேன்.

உன் கணக்கு தப்பில்லை. ஆனால் குறைவு. சுண்டைக்காய் கால் பணம், சுமைகூலி முக்கால் பணம் என்பார்களே, நீ சுண்டைக்காயை மட்டும் எழுதியிருக்கிறாய். தேர்வுக்காக இரண்டு நாள் சம்பளமில்லாத லீவு போட்டாயே, அது எங்கே? தேர்வன்று பயிற்சிப் பள்ளியின் வண்டியை எடுத்துக்கொண்டு போனாயே, அதற்குத் தனியாக வாங்கினார்களா இல்லையா? அடுத்த தேதி கிடைக்க வாரக்கணக்கில் காத்திருந்தபோது, கை மறந்துவிடக்கூடாதே என்று எடுத்த வகுப்புகள்? இதையெல்லாம் சேர்த்துக் கூட்டிப் பார். கவுண்ட்டரில் கட்டிய கட்டணம்தான் இருப்பதிலேயே சின்ன தொகையாக இருக்கும்.

எனக்கு இது எப்படித் தெரியும் என்றால், நானும் இரண்டு தடவை தோற்றவள். அப்போது உனக்கு நான்கு வயது. பத்து மணி நேரப் பயிற்சி போதும் என்று நானே முடிவு செய்துகொண்டேன். பயிற்சி கொடுத்தவர் இன்னும் பத்தாவது வேண்டும் என்றார். அவருக்கு வருமானம் வேண்டும், அதனால் சொல்கிறார் என்று நினைத்தேன். எனக்கு எப்போதும் அந்தப் புத்தி உண்டு, உன் அப்பாவைக் கேட்டால் இன்னும் நாலு சொல்வார்.

முதல் தேர்வில் மேட்டில் வண்டியை நிறுத்தி மறுபடி எடுக்கச் சொன்னார்கள். கிளட்சைக் கொஞ்சம் கொஞ்சமாக விட வேண்டும், வண்டியின் மூக்கு லேசாகத் தூக்கும், அந்த நேரத்தில் ஹேண்ட்பிரேக்கை இறக்க வேண்டும். வாயால் சொல்லத் தெரியும், காலுக்குத் தெரியவில்லை. வண்டி ஒரு குலுக்கு குலுக்கி ஆஃப் ஆனது. மறுபடி எடுத்தேன், மறுபடி ஆஃப். மூன்றாம் தடவை பின்னால் உருள ஆரம்பித்ததும் பக்கத்தில் இருந்த தேர்வு அதிகாரி தன் பக்கத்து பிரேக்கை மிதித்தார். ஒரு வார்த்தை திட்டவில்லை. பேனா மூடியைத் திறந்தார். அந்தச் சின்னச் சத்தம் இன்றைக்கும் காதில் இருக்கிறது.

அதற்குப் பிறகு நான்கு மணி நேரம் மட்டும் எடுத்துக்கொண்டு இரண்டாவது தேர்வுக்குப் போனேன். ரிவர்ஸில் நிறுத்தும்போது பின் சக்கரம் நடைபாதை ஓரத்தில் ஏறியது. மூன்றாவதற்கு முன்னால்தான் புத்தி வந்து பதினான்கு மணி நேரம் ஒழுங்காக ஓட்டினேன். கூட்டினால் இருபத்தெட்டு மணி நேரமும் மூன்று தேர்வுக் கட்டணமும். பயிற்சி கொடுத்தவர் கேட்ட இருபதை ஒரே மூச்சில் எடுத்திருந்தால் அனேகமாக முதல் தடவையே முடிந்திருக்கும். நீயும் நடுவில் ஒரு மாதம் வகுப்பை நிறுத்தி மிச்சம் பிடித்ததாகப் பெருமையாக எழுதியிருந்தாய். அம்மா பிள்ளை என்பதை நன்றாகவே காட்டியிருக்கிறாய்.

உன் பட்டியலைப் பார்த்த பிறகு தூக்கம் வரவில்லை, உட்கார்ந்து கொஞ்சம் தேடிப் படித்தேன். ஜெர்மனியில் இந்தப் பேரத்துக்கே இடமில்லை. கார் உரிமத்துக்கு வெளியூர்ச் சாலையில் 5, அதிவேக நெடுஞ்சாலையில் 4, இருட்டில் 3 என்று 12 சிறப்பு ஓட்டப் பயிற்சிகள் கட்டாயம். ஒவ்வொன்றும் 45 நிமிடம். முதலுதவிப் பயிற்சியும் கண் பரிசோதனையும் வேறு. சாதாரண வகுப்புகள் எல்லாம் இதற்கு வெளியே. பிரிட்டனில் ஒரு காலத்தில் நேர் எதிராக இருந்திருக்கிறது. 1903-இல் போட்ட சட்டப்படி பணத்தைக் கட்டினால் உரிமம், அவ்வளவுதான். ஓட்டத் தெரியுமா என்று யாரும் கேட்கவில்லை, ஆண்டுதோறும் புதுப்பித்தால் சரி. தேர்வு கட்டாயமானது 1935-இல்தான். அந்த முப்பது வருஷம் தெருவில் நடந்தவர்களை நினைத்துப் பார்த்தேன். பேனா மூடிக்காரர் மேல் இருந்த கோபம் கொஞ்சம் குறைந்தது.

ஆட்டோமேட்டிக் வண்டியில் தேர்வு கொடுக்கலாமா என்று கேட்டிருந்தாய். பல நாடுகளில் அப்படி வாங்கினால் கியர் வண்டியை ஓட்ட முடியாது என்று உரிமத்திலேயே குறித்துவிடுவார்கள். பத்து வருஷம் முன்னால் கேட்டிருந்தால் வேண்டாம், கியரிலேயே கற்றுக்கொள் என்றிருப்பேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. உன் கால் தகராறு முழுக்க கிளட்சோடுதான் என்றால், நீ ஓட்டப்போகும் வண்டியில் கிளட்சே இருக்காது என்றால், அதோடு மல்லுக்கட்டி எதற்கு இன்னும் இருபது மணி நேரம் செலவழிக்க வேண்டும்? அலுவலக வண்டியோ வாடகை வண்டியோ கியர் வண்டியாக இருக்குமா என்று மட்டும் விசாரித்துக்கொள். தேர்வே இல்லாமல் வாங்கித் தருகிறேன் என்று யாராவது வந்தால் அந்தப் பக்கமே திரும்பாதே. அதைப் பற்றி உனக்கு நான் சொல்லித் தர வேண்டியதில்லை.

சரி, இப்போது நான் உண்மையில் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். உரிமம் கைக்கு வந்த அன்றைக்கு செலவு முடிந்தது என்று நினைக்கிறாயே, அங்கேதான் ஆரம்பம்.

புதிதாக வாங்கியவர்களுக்கு இன்சூரன்ஸ் அதிகம் கேட்பார்கள். அது தெரிந்ததுதான். அதற்கு மேல் முதல் இரண்டு வருஷம் கத்தி முனையில் நடக்கிற மாதிரி. பிரிட்டனில் உரிமம் வாங்கிய இரண்டு ஆண்டுக்குள், சாலைத் தவறுகளுக்குப் போடும் தண்டனைப் புள்ளி 6 சேர்ந்தால் உரிமம் ரத்து, பழகுநர் உரிமத்திலிருந்து மறுபடி தொடங்க வேண்டும். ஓட்டும்போது கையில் போன் வைத்திருந்தால் 2017 முதல் அங்கே 6 புள்ளி. கணக்குப் போட்டுப் பார், ஒரே ஒரு தடவை. நீ இத்தனை நாள் கட்டியது, தோற்றது, அழுதது அத்தனையும் ஒரு மெசேஜில் போய்விடும். பின்லாந்தில் பெரிய வேகக் குற்றத்துக்கு அபராதத்தையே வருமானத்தைப் பார்த்துப் போடுகிறார்கள். ஜப்பான்காரர்கள் இதை வேறு மாதிரி செய்கிறார்கள். ஐந்து வருஷம் ஒரு தவறும் இல்லாமல் ஓட்டினால் தங்க நிறப் பட்டை போட்ட உரிமம். அது 5 வருஷம் செல்லும், புதுப்பிக்கும்போது அரை மணி வகுப்பில் உட்கார்ந்தால் போதும். தவறு மேல் தவறு செய்தவர்கள் இரண்டு மணி நேரம் உட்கார வேண்டும், உரிமமும் 3 வருஷம்தான். எனக்கு இது பிடித்தது. ஒழுங்காக ஓட்டினதற்கு ஒரு மரியாதை இருக்கிறது பார். நீ இருக்கிற இடத்தில் எப்படி என்று நீதான் பார்க்க வேண்டும், விதி ஒவ்வொரு நாட்டிலும் ஒரு மாதிரி.

வெளிநாட்டுக்குப் போய் ஓட்டப்போகிறாய் என்றால் அதற்கு ஒரு சர்வதேச அனுமதிச் சீட்டு, அதற்கும் காசு. 1949 ஜெனீவா ஒப்பந்தப்படி தருவது ஒரு வருஷம் செல்லும், 1968 வியன்னா ஒப்பந்தப்படி தருவது அதிகபட்சம் மூன்று வருஷம். இரண்டுமே மூல உரிமம் உயிரோடு இருக்கிற வரைக்கும்தான்.

உயிரோடு இருக்கிற வரைக்கும். இதைத்தான் உனக்கு நான் சொன்னதே இல்லை.

நாம் வீடு மாறிய வருஷம் ஞாபகம் இருக்கிறதா? எல்லா இடத்திலும் முகவரி மாற்றினேன். வங்கி, பள்ளிக்கூடம், எல்லாம். உரிமத்தில் மட்டும் அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டேன். புதுப்பிக்கச் சொல்லி வந்த கடிதம் பழைய வீட்டுக்குப் போயிருக்கிறது, அங்கே புதிதாக வந்தவர்கள் என்ன செய்தார்களோ தெரியாது. நான் பர்ஸில் கார்டு இருக்கிறது என்ற தைரியத்தில் ஓட்டிக்கொண்டே இருந்தேன். தேதி அதன் மேலேயே அச்சாகியிருந்தது கயல். தினமும் திறக்கிற பர்ஸ். ஒரு நாள்கூட படிக்கவில்லை.

ஏழாவது மாதம், ஒரு மழை நாள், சிக்னலில் முன்னால் நின்ற வண்டியை முட்டினேன். பெரிய மோதல் இல்லை. அவர் பின்விளக்கு ஒன்று உடைந்தது, டிக்கிக் கதவு உள்ளே போனது, என் வண்டியின் பம்பர் ஒரு பக்கம் தொங்கியது. அவரும் நல்ல மனிதர், இன்சூரன்ஸ் இருக்கிறது அல்லவா, விடுங்கள் என்றார். நானும் அதையே நம்பி வீட்டுக்கு வந்தேன். மூன்று வாரம் கழித்துக் கடிதம் வந்தது. விபத்து நடந்த நாளில் செல்லத்தக்க உரிமம் இல்லாததால் ஒரு பைசா தர முடியாது என்று இரண்டே வரி. இரண்டு வண்டியின் ரிப்பேரும் எங்கள் தலையில். அதற்கு மேல் அபராதம். காலாவதியாகி அவ்வளவு நாள் ஆகிவிட்டதால் புதுப்பிக்கவும் முடியாது, மறுபடி தேர்வு என்றார்கள். நாற்பது வயதுக்கு மேல் பதினெட்டு வயதுப் பிள்ளைகளோடு வரிசையில் நின்றேன்.

நேரத்தோடு புதுப்பித்திருந்தால் ஒரு புகைப்படமும் ஒரு கட்டணமும் அரை நாளும். அவ்வளவே.

உன் அப்பா ஒரு வார்த்தை சொல்லவில்லை. சேமிப்பை எடுத்துக் கட்டினார். அந்த வருஷம்தான் நீ கல்லூரிச் சுற்றுலாவுக்குப் பெயர் கொடுத்துவிட்டு வந்து பணம் கேட்டாய். இப்போது முடியாதும்மா, அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றேன். நீ காரணம் கேட்கவில்லை. பெயரை எடுத்துவிட்டேன் என்று மறுநாள் சாப்பிடும்போது சாதாரணமாகச் சொன்னாய். அடுத்த வருஷம் சுற்றுலாவே போடவில்லை. பணம் இல்லாமல் போனது என் உரிமத்தால்தான் என்று சொல்ல எனக்கு வெட்கமாக இருந்தது. இத்தனை வருஷம் கழித்து உன் பட்டியலைப் பார்க்கும்போதுதான், அதில் இந்த வரியும் சேர வேண்டுமே என்று தோன்றியது.

அதனால் ஒரு காரியம் செய்திருக்கிறேன். சுற்றுலாவுக்கு நீ அன்றைக்குக் கேட்ட தொகை என் பழைய நோட்டில் இருக்கிறது. இத்தனை வருஷத்துக்கு வட்டி போட்டு, இன்று காலை உன் கணக்குக்கு அனுப்பிவிட்டேன். அம்மா கொடுக்கிறாள் என்று நினைக்காதே, உனக்கு நான் பாக்கி. அந்தப் பணத்துக்குப் பன்னிரண்டு மணி நேரப் பயிற்சி வரும் என்று நினைக்கிறேன். இடைவெளி விடாமல் எடு. முடிந்தால் இரண்டு வகுப்பை ராத்திரியில் வை, ஒன்றை மழையில்.

உரிமம் வந்ததும் கார்டின் இரண்டு பக்கத்தையும் போட்டோ எடுத்து எனக்கு அனுப்பு. காலாவதித் தேதியை இங்கே காலண்டரில் நானும் குறித்துக்கொள்கிறேன்.

அம்மா