தளத்தில் தண்ணீர் தேக்கி நிறுத்திய அக்காவுக்கு

ஊர் உறவுகளுக்கு வணக்கம்.

புது வீட்டில் பால் காய்ச்சியாயிற்று. அந்த மழை ராத்திரிக்கு அப்புறம் நாங்கள் பட்டதெல்லாம் உங்களுக்கே தெரியும், அதை எழுதப் போவதில்லை. குடிசையில் இருப்பவர்களுக்கு வீடு கட்ட அரசு பணம் தரும் கலைஞரின் கனவு இல்லம் திட்டத்தில் அம்மா பெயர் வந்து, இன்று 360 சதுர அடியில் வீடு நிற்கிறது. அதில் 300 சதுர அடிக்குக் கான்கிரீட் கூரைத் தளம். இனி மழைக்குப் பயந்து பாத்திரம் தூக்கி வைக்க வேண்டாம்.

திட்டத்தில் தருவது 3.50 லட்சம் ரூபாய் என்றாலும் கட்டக் கட்டத்தான் பணம் கணக்கில் ஏறும். கடைக்கால் எழும்பும்வரை கைக்காசு வேண்டும். குழுவில் கடன் வாங்கித் தந்த அக்காமார், செங்கலைக் கடனாக இறக்கிய சூளைக்காரர், ஒவ்வொரு கட்டத்துக்கும் வந்து போட்டோ எடுத்துப்போன ஓவர்சீயர், சிமெண்ட் மூட்டை நனையாமல் இருக்கத் திண்ணையை ஒழித்துக் கொடுத்த எதிர்வீட்டுப் பெரியப்பா, எல்லோருக்கும் கும்பிடு.

ஆனால் ஒருவரைப் பற்றித் தனியாகச் சொல்லியே ஆக வேண்டும். பெயர் போடாதே என்று அவரே சொல்லிவிட்டார்.

தளம் போட்ட மறுநாளே அம்மாவை முண்டியம்பாக்கம் ஆஸ்பத்திரியில் சேர்க்கும்படி ஆயிற்று. பாத்தி கட்டி ரெண்டு வாரமாவது தண்ணீர் தேக்கி நிறுத்தணும், காயவிட்டால் தளம் வெடிச்சிடும் என்று மேஸ்திரி சொன்னது ஆஸ்பத்திரி வராந்தாவில்தான் ஞாபகம் வந்தது. யாரைக் கேட்பது? அம்மா பிழைத்தால் போதும் என்று விட்டுவிட்டேன்.

திரும்பி வந்து ஏணியில் ஏறிப் பார்த்தால் ஒவ்வொரு பாத்தியிலும் தண்ணீர் நிறைந்திருந்தது. கான்கிரீட் அன்றைக்குக் கலவைச் சட்டி சுமந்த சித்தாள் அக்காதான். அவருக்கு எங்களிடம் வேலை அன்றோடு முடிந்து, கூலியும் வாங்கியாயிற்று. அப்புறமும் விடியற்காலையில், வேறு ஊர் வேலைக்குக் கிளம்பும் முன்னே, அடிபம்பில் அடித்துக் குடம் குடமாக மேலே ஏற்றியிருக்கிறார். ஏன் அக்கா என்றேன். “நான் சுமந்த கலவைம்மா, வெடிக்க விட்டுடுவேனா?” என்றார். எனக்குப் பேச்சு வரவில்லை.

அந்த அக்கா இருப்பது புறம்போக்கில், ஓலைக் குடிசையில். எத்தனையோ வீட்டுக்குத் தளம் போட்டவர். பட்டா இல்லாததால் அவர் பெயர் பட்டியலில் ஏறவில்லை. இது எனக்குத் தாங்கவில்லை.

வீட்டுமனைப் பட்டா கேட்டு மனு எழுதிவிட்டேன். வரும் திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர்க்கும் நாளுக்கு அக்காவோடு நானும் போகிறேன். பட்டா அவர் கைக்கு வரும்வரை விடமாட்டேன். கூட வர முடிந்தவர்கள் காலை முதல் பஸ்ஸுக்கு வந்துவிடுங்கள்.