ஜெராக்ஸ் கடை அண்ணனுக்கும் மற்ற எல்லாருக்கும் நன்றி

நம் கடலோரக் காட்டு மரங்களை வெட்டக் கூடாது என்று நாம் போட்ட மனுவில், நேற்று சாயங்காலம் நீதிமன்றத்தின் தடை உத்தரவு கைக்கு வந்ததிலிருந்து போன் ஓயவில்லை. என்ன நடந்தது என்று உங்களுக்கெல்லாம் தெரியும், அதைத் திரும்பச் சொல்லப் போவதில்லை.

முதல் நன்றி தம்புச் செட்டித் தெருவில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் அண்ணனுக்கு. பெயரைப் போடக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். மனு போடுவதற்கு முந்தின ராத்திரி, கடை மூடுகிற நேரத்தில் கட்டுக் கட்டாகக் காகிதத்தோடு போய் நின்றோம். கொஞ்சம் பக்கம் ஓடியதும் மெஷினை நிறுத்திவிட்டு ஒரு தாளை லைட்டுக்கு நேரே தூக்கிப் பார்த்தார். "என்னம்மா இது, மரம்னு எழுதியிருக்கீங்க, படம் கறுப்பா அப்பியிருக்கு. பார்க்கிறவங்களுக்குப் புதர்னுதானே தோணும்?"

தூக்கிவாரிப் போட்டது. எதிர்த்தரப்பு வாதமே அதுதானே, இது காடே இல்லை, வெறும் முட்புதர் என்று! நம் கடலோரத்து உலர் பசுமைமாறாக் காட்டில் (மழை குறைந்த இடத்திலும் வருஷம் முழுக்கப் பச்சையாக நிற்கும் காடு) வீரையும் உலக்கைப்பாலையும் மலைக்காட்டு மரம் மாதிரி ஓங்கி நிற்காது, மெதுவாகத்தான் பருக்கும், தெரியாதவர் கண்ணுக்கு வயதே தெரியாது. அண்ணன் படங்களை மட்டும் தனியே எடுத்துக் கலரில் போட்டார், கறுப்பு வெள்ளைக்கான காசுதான் வாங்கினார். அடிமரத்தைச் சுற்றி நாங்கள் பிடித்திருந்த டேப்பில் எண் தெரிகிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்த்த பிறகுதான் தாள்களைச் சேர்த்து டேக் கயிறு கோத்தார். இத்தனைக்கும் அந்தக் காட்டை அவர் பார்த்ததுகூட இல்லை.

நிலம் யார் பேரில் இருந்தாலும் காடு காடுதான் என்று 1996-இல் உச்ச நீதிமன்றம் சொன்னதை (நம்ம கூடலூர்ப் பக்கம் மரம் வெட்டியதில் தொடங்கிய கோதவர்மன் வழக்கு) பிடித்துக்கொண்டு காசு வாங்காமல் வாதாடிய வக்கீல் மேடம், வேளச்சேரியிலிருந்தும் தாம்பரத்திலிருந்தும் வந்து ராத்திரிக் காவல் இருந்த பிள்ளைகள், புளிசாதம் கட்டிக் கொடுத்தனுப்பிய அக்காக்கள், எல்லாருக்கும் சேர்த்து ஒரு பெரிய கும்பிடு.

இது இடைக்காலத் தடைதான். அடுத்து, வெட்டுகிற மரம் ஒன்றுக்குப் பத்துக் கன்று நட்டுத் தருகிறோம் என்று வருவார்கள். கன்று நடலாம், சரி, வீரைக் காட்டை எங்கே போய் நடுவது? அதனால் அடுத்த விசாரணைக்குள் மிச்சமிருக்கிற மரங்களையும் அளந்து முடிப்பதாக முடிவு செய்திருக்கிறேன், ஆள் வராவிட்டால் நானே தனியாகவாவது.

ஞாயிறு காலை வர முடிந்தவர்கள் டேப்போடு வாருங்கள். அப்புறம், குழந்தைகளைக் கூட்டி வருகிறவர்கள் கவனம்: களாப்பழம் எவ்வளவு வேண்டுமானாலும் தின்னட்டும், ஆரஞ்சு மாதிரி பளபளவென்று தொங்கும் எட்டிப்பழத்தை மட்டும் வாயில் வைக்க விடாதீர்கள், கொட்டை கொடிய விஷம்.