கார்டீலியாவைப் பிழைக்க வைக்க வேண்டாம்

தொண்டி

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் நலம். நீ அனுப்பிய இரண்டு பிரதிகளையும் படித்து முடித்துவிட்டேன். சோபோக்ளிஸின் ஆன்டிகனியையும் ஷேக்ஸ்பியரின் லியர் அரசனையும் பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளுக்குத் தமிழ் உரைநடையில் சொல்ல நீ துணிந்ததில் எனக்கு மகிழ்ச்சி. நடையைப் பற்றித் தோன்றியவற்றை ஓரங்களில் குறித்திருக்கிறேன், பார்த்துக்கொள். நான் எழுத உட்கார்ந்தது வேறொன்றைப் பற்றி. குழந்தைகளுக்கு அத்தனை துயரம் ஆகாது, லியரின் கடைசி மகள் கார்டீலியாவைப் பிழைக்க வைத்துவிடுங்கள் என்று பதிப்பாளர் கேட்டதாகவும், நீயும் பாதி மனதாக இணங்கியதாகவும் எழுதியிருந்தாய். இணங்காதே.

அவர் கேட்பது புதிதல்ல. நேஹம் டேட் என்பவர் 1681-இல் அந்த நாடகத்தைத் திருத்தி எழுதி, கார்டீலியாவைக் குளோஸ்டர் பிரபுவின் மகன் எட்கருக்கு மணம் முடித்து, லியருக்கு அரசையும் திருப்பிக் கொடுத்தார். லண்டன் மேடையில் ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டு அந்த மங்கல முடிவுதான் நடிக்கப்பட்டது. அதை விரும்பியவர்கள் பிள்ளைகள் அல்லர், நன்றாக வளர்ந்த பெரியவர்கள். சாமுவேல் ஜான்சனைப் போன்ற பேரறிஞரே, கார்டீலியாவின் மரணம் தந்த அதிர்ச்சியால், பதிப்பாசிரியராகத் திருத்த வேண்டிய கட்டாயம் வரும் வரையில் அந்தக் கடைசிக் காட்சிகளை மறுபடி படிக்கத் தமக்கு மனம் வந்ததோ இல்லையோ என்று எழுதிவைத்திருக்கிறார். ஆனால் சார்லஸ் லாமும் அவருடைய அக்காள் மேரியும் 1807-இல் ஷேக்ஸ்பியர் கதைகளைச் சிறுவர்களுக்காக வெளியிட்டபோது, துன்பியல் நாடகங்களை ஏற்றுக்கொண்ட சார்லஸ், கார்டீலியாவைச் சிறையிலேயே இறக்க விட்டார். பெரியவர்கள் மேடையில் பொய் முடிவைப் பார்த்துக்கொண்டிருந்த காலத்தில் பிள்ளைகளின் கையில் உண்மை முடிவு இருந்தது என்று உன் பதிப்பாளரிடம் அப்படியே சொல்லலாம். (அந்தப் புத்தகத்தில் பெரும்பகுதியை எழுதிய மேரியின் பெயர் முதற்பதிப்பின் முகப்பில் இல்லை. உன் முன்னுரையில் அதற்கு ஒரு வரி ஒதுக்கு.)

லாமை நான் முழுவதுமாகப் புகழவும் மாட்டேன். கார்டீலியாவின் சாவை அவசரமாகக் கடந்துவிட்டு, நல்லவர்கள் இவ்வுலகில் எப்போதும் வெல்வதில்லை என்று ஒரு போதனையையும் சேர்த்துவிடுகிறார். லியருக்கு உதவிய குளோஸ்டரின் கண்களைப் பிடுங்கும் காட்சியை அவர் சொல்லவே இல்லை. நீயும் அதை நீக்கியிருக்கிறாய். கோரத்தைக் குறைத்தது சரிதான், ஆனால் அதோடு சேர்ந்து அந்த வேலைக்காரனும் போய்விட்டானே! சிறு வயது முதல் தான் ஊழியம் செய்த எஜமானையே, "போதும், நிறுத்துங்கள்" என்று தடுத்து வாளெடுத்து, அந்த இடத்திலேயே செத்துப்போகிற பெயரில்லாத ஒருவன் அந்தக் காட்சியில் இருக்கிறான். அது முடிந்ததும், இரத்தம் வடியும் முகத்தில் வைக்கச் சணல் நாரும் முட்டையின் வெள்ளைக்கருவும் எடுத்துவரப் போகிறான் இன்னொரு வேலைக்காரன். கண்களைப் பறித்தார்கள் என்பதை ஒரு வாக்கியத்தில் சொல்லிவிட்டு, இந்த இருவருக்கும் ஒரு பக்கம் கொடு. அரசர்களும் பிரபுக்களும் நிறைந்த கதையில், பிள்ளைகள் தாங்களாக இருந்தால் என்ன செய்திருப்போம் என்று யோசிக்க இடம் கொடுப்பவர்கள் இவர்கள்தாம்.

பிள்ளைகள் தாங்கமாட்டார்கள் என்பது எனக்கு வியப்பாக இருக்கிறது. நம் பக்கத்துக் கோயில் திருவிழாக்களில், மேடைக்கு முன்னால் பாய் விரித்துத் தூங்கும் பிள்ளைகளை மயான காண்டம் தொடங்கும் நேரத்தில் தாய்மார்களே தட்டி எழுப்புவார்கள். பாம்பு தீண்டி இறந்த லோகிதாசனைச் சுமந்து வந்த சந்திரமதியிடம், அது தன் மகன் என்று அறியாத அரிச்சந்திரன் கால் பணமும் முழத்துண்டும் கேட்கும்போது, அந்தப் பிள்ளைகள் கண் கொட்டாமல் பார்ப்பதை நீயே அவர்கள் நடுவில் இருந்து பார்த்திருக்கிறாய். விடியும் நேரத்தில் தெய்வம் தோன்றி எல்லாரையும் எழுப்பிவிடுகிறது என்பது உண்மை. அதற்குள் பாதிக் கூட்டம் பாயைச் சுருட்டியிருக்கும் என்பதும் உண்மை.

ஆன்டிகனியை இங்கே மாலை வகுப்புப் பிள்ளைகளுக்கு வாய்மொழியாகச் சொல்லிப் பார்த்தேன். அரசன் கிரேயோன் விதித்த தடையை மீறி, செத்துப்போன அண்ணனின் உடலை மண்ணில் அடக்குவதற்காக ஒரு பெண் ஏன் உயிரைக் கொடுக்க வேண்டும் என்று நகரத்துப் பிள்ளைகளுக்கு நீ விளக்க வேண்டியிருக்கலாம். கடலுக்குப் போனவர் திரும்பாமல், உடலும் கரை ஒதுங்காமல், காரியம் செய்யவும் முடியாமல் காத்திருந்த வீடுகளை அறிந்த இந்தப் பிள்ளைகளுக்கு விளக்கமே தேவைப்படவில்லை. அவர்கள் கேட்டதெல்லாம், கடைசியில் உடலை எடுத்து அடக்கினார்களா என்பதுதான்.

உன் பிரதியில் கிரேயோன் முதல் வரியிலேயே கொடுங்கோலனாக வருகிறான். அது வேண்டாம். அயல்நாட்டுப் படையைக் கூட்டிக்கொண்டு சொந்த ஊரின் மேல் வந்த அந்த அண்ணனுக்கும், ஊரைக் காத்து மடிந்த இன்னொரு சகோதரனுக்கும் ஒரே மரியாதையா என்று அவன் கேட்பதில் நியாயம் இருப்பதாகப் பிள்ளைகளுக்கு முதலில் தோன்ற வேண்டும். அவனை வெறும் 'உறவினர்' என்று எழுதியிருக்கிறாய். ஆன்டிகனிக்கு அவன் தாய்மாமன். அவன் மகன் ஹேமோன் அவளுக்கு நிச்சயிக்கப்பட்ட முறை மாப்பிள்ளை. தமிழ்ப் பிள்ளைகளுக்கு அந்த உறவைச் சொல்லிவிட்டால் பாதிக் கதையைச் சொன்னது போல.

ஹேமோன் தந்தையிடம் பேசுவதை ஏன் நீக்கினாய் என்று எனக்கு விளங்கவில்லை. வெள்ளத்தில் வளைந்து கொடுக்கும் மரம் தப்பிக்கும், காற்று வலுத்த பிறகும் பாய்க்கயிற்றை இளக்காமல் இழுத்தே பிடிப்பவனுடைய படகு கவிழும் என்று அவன் சொல்கிறான். பாய்மரப் படகுப் போட்டி பார்த்து வளர்ந்த நம் ஊர்ப் பையன் ஒருவன், நான் சொல்லி முடிக்கும் முன்பே, "கவுந்துரும் சார்" என்றான்.

எல்லாவற்றையும் விட, கிரேயோன் மனம் மாறிய பின் நடப்பதை நிதானமாகச் சொல். முதலில் நீ அடைத்துவைத்த பெண்ணைக் குகையிலிருந்து விடுவி, பிறகு இறந்தவனை அடக்கம் செய் என்றுதான் ஊர்ப் பெரியவர்கள் சொல்கிறார்கள். அவனோ, முதலில் நாய்கள் குதறிய உடலைக் கழுவி, எரியூட்டி, மேடு எழுப்பிவிட்டு, அதன் பிறகே குகைக்குப் போகிறான். லியரிலும், கார்டீலியாவைக் கொல்ல ஆணையிட்ட எட்மண்ட் அதைத் திரும்பப் பெறச் சற்று முன்னரே வாய் திறந்திருந்தால் கார்டீலியா பிழைத்திருப்பாள். இந்தத் தாமதத்தைப் பிள்ளைகள் தாமாகவே கண்டுபிடித்துக் கொதிக்க வேண்டும். முடிவை மாற்றிவிட்டால் கொதிப்பதற்கு ஒன்றும் இருக்காது. ஆன்டிகனி இறந்த விதத்தை மட்டும் விவரிக்காதே. கிரேக்க மேடையிலும் அதைக் காட்டவில்லை. தூதன் வந்துதான் சொல்கிறான். அவன் வாயால் ஒரு வாக்கியம் போதும்.

கிரேயோனைக் கடைசியில் சாகடித்திருக்கிறாயே, அதுவும் வேண்டாம். "யானோ அரசன் யானே கள்வன்" என்ற பாண்டியன் அரியணையிலேயே உயிர் விட்டான். கிரேயோனுக்கு அந்த விடுதலை கிடைக்கவில்லை. மகனும் மனைவியும் போன பின் அவன் உயிரோடு இருக்கிறான்.

ஹேமோனின் பேச்சையும் குகைக்குப் போகும் பகுதியையும் முதலில் திருத்தி அனுப்பு. பள்ளி விடுமுறைக்கு முன் வகுப்பில் படித்துக் காட்டி, எங்கே கவனம் சிதறுகிறது என்று குறித்து அனுப்புகிறேன். லியர் அவசரமில்லை.

அன்புடன்,
அப்பா