என் நாவலைத் திருத்திக் கொடுத்தவர்களுக்கு

அன்புள்ள அண்ணனுக்கும் மதினிக்கும், அம்மாச்சிக்கும், வாத்தியார் ஐயாவுக்கும், பெயர்கூடத் தெரியாத இன்னும் சிலருக்கும்,

வணக்கம். நாவல் அச்சாகி வந்துவிட்டது. நேற்றுச் சாயங்காலம் ஆட்டோவில் கட்டுக் கட்டாக வந்து இறங்கியது. கடையில் வேறு இடம் இல்லாததால் ஜெராக்ஸ் பேப்பர் பண்டல்களுக்கு மேலே அடுக்கி வைத்திருக்கிறோம். புத்தகத்தின் முன்பக்கத்தில் நன்றி என்று அரைப் பக்கம் போட்டிருக்கிறேன். அரைப் பக்கத்தில் பெயர்களைத்தான் போட முடியும். நீங்களோ "பேரு மட்டும் வேணாம்" என்று சொன்னவர்கள். அதனால்தான் தனியாக இந்த மடல்.

கதை தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. வைகைக் கரையோரம் ஒரு கல்லறைத் தோட்டம், அதைப் பார்த்துக்கொள்கிற ஒருவர். சொந்த மனைவிக்கும் தன் கையாலேயே குழி வெட்டியவர். மகன் திருப்பூருக்கு வேலைக்குப் போய்விட்டான். வாசலில் பூக்கட்டி விற்க ஒரு பெண் வந்து உட்காருகிறாள். அவ்வளவுதான். அதற்குள் நிறைய அடக்கம், நிறையப் புல், நிறையச் சுண்ணாம்பு, கொஞ்சம் காதல்.

இதை எழுத நீ யார் என்று சிலர் கேட்டார்கள். நியாயமான கேள்விதான். எனக்குக் கோரிப்பாளையத்தில் டிடிபி கடை. பெரியாஸ்பத்திரி பக்கத்தில் இருப்பதால் எங்களுக்குக் கல்யாணப் பத்திரிகையைவிடக் கண்ணீர் அஞ்சலி போஸ்டர்தான் அதிகம். மதுரையில் எதற்கும் போஸ்டர் உண்டு, சாவுக்குக் கட்டாயம் உண்டு. அழுத கண்ணோடு வந்து நிற்பார்கள், அரை மணி நேரத்தில் வேண்டும் என்பார்கள். தோற்றம், மறைவு, நடுவில் படம், கீழே குடும்பத்தார் பெயர்கள். "இமயம் சரிந்தது" யாருக்கு, "எங்கள் குலவிளக்கே" யாருக்கு என்று கேட்காமலே எனக்குத் தெரியும். கோரிப்பாளையம் என்ற பெயரே கல்லறையில் இருந்து வந்ததுதான் என்று பக்கத்து டீக்கடை பாய் சொன்னார். பாரசீகத்தில் 'கோர்' என்றால் கல்லறையாம், தர்காவில் அடங்கியிருக்கிற சுல்தான்களால் வந்த பேர். இருபது வருஷம் அங்கே உட்கார்ந்து சாவைத் தட்டச்சு செய்திருக்கிறேன், இது தெரியாமல். பாய்க்கு முதல் நன்றி.

2016இல் என் அப்பா இறந்தார். அவருடைய போஸ்டரையும் நான்தான் போட்டேன். அண்ணன்மார் யாருக்கும் கை ஓடவில்லை. அப்பா தனியாக எடுத்த நல்ல படம் ஒன்றும் இல்லை. சித்தி மகள் கல்யாணத்தில் எடுத்த குரூப் போட்டோவில் இருந்து அவரை மட்டும் வெட்டி எடுத்தேன். தோளில் நாலு விரல் ஒட்டிக்கொண்டு வந்தது. என் விரல்கள். போட்டோஷாப்பில் அதை அழிக்க ஒரு நிமிஷம் ஆகும். அழிக்கவில்லை. எங்கள் வீடு செல்லூரில், தத்தனேரி மயானம் நடந்து போகிற தூரம். நீர்மாலை எடுத்து, வாய்க்கரிசி போட்டு, எல்லாம் முடித்து வண்டி கிளம்பியதும் பொம்பளைகளைத் தெருமுனையில் நிறுத்திவிட்டார்கள். எங்கள் பக்கம் அதுதான் வழக்கம். வண்டியின் முகப்பில் ஒட்டியிருந்த போஸ்டரில் அந்த நாலு விரல் மட்டும் அப்பாவோடு போனது. நான் திரும்பி வந்து வீட்டைக் கழுவிவிட்டேன்.

கதையை நான் கல்லறைத் தோட்டத்தில் வைத்ததற்குக் காரணம் வேறொன்றும் இல்லை. அங்கே பெண்களை உள்ளே விடுவார்கள்.

அண்ணே, உங்களைத் தேடி நான் வரவில்லை, நீங்கள்தான் நீங்கள் பார்த்துக்கொள்கிற கல்லறைத் தோட்டத்தின் பெயர்ப்பலகைக்கு எழுத்து அடிக்க என் கடைக்கு வந்தீர்கள். அது எந்தத் தோட்டம் என்று எங்கேயும் சொல்ல மாட்டேன். "சொன்னா செல்ஃபோனத் தூக்கிட்டு வந்து நிப்பாங்க தாயி" என்றது ஞாபகம் இருக்கிறது. முதல் அத்தியாயத்தை உங்கள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து வாசித்துக் காட்டினேன். நிலா, ஆந்தை, ஒற்றை ரோஜா, நடுராத்திரியில் தனியாளாக ஒரு மணி நேரத்தில் குழி வெட்டி முடிக்கிற நாயகன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எந்த ஊரு மண்ணு அது?" என்றீர்கள்.

அப்புறம்தான் எனக்குப் பாடம் தொடங்கியது. சித்திரை வெயிலில் சரளை மண்ணில் கடப்பாரை போடாமல் மண்வெட்டி இறங்காது. ரெண்டு ஆள் மாற்றி மாற்றி வெட்டினாலும் அரை நாள் போய்விடும். ஐப்பசி மழையிலோ மண் தானாகவே இறங்கும், ஆனால் வெட்டிய சுவர் நிற்காது. காலையில் வெட்டிய குழியில் மத்தியானம் முழங்கால் தண்ணீர். பெட்டி வந்து நிற்கும்போது பின்னால் ஒருவர் வாளியால் இறைத்துக்கொண்டிருக்க வேண்டும், அதுவும் குடும்பத்தார் கண்ணில் படாமல். அழுகிறவர்களை அந்தப் பக்கம் திருப்பி நிற்கவைப்பது எப்படி என்றுகூடச் சொல்லித் தந்தீர்கள். ஜெபம் சொல்ல வந்தவரின் குடையை அவர்கள் பக்கமாகக் கொஞ்சம் தள்ளிப் பிடிக்கச் சொன்னால் போதுமாம்.

எல்லாவற்றையும்விடப் பெரிய திருத்தம் கல் கட்டுவது பற்றியது. என் கதையில் எட்டாம் நாளே கல்லறையைக் கட்டி மார்பிள் பதித்துவிட்டிருந்தேன். "மண்ணு உக்காரணும் தாயி. ஒரு மழைக்காலம் போகணும். அதுக்குள்ள கட்டுனா ஒரு பக்கமா இறங்கி வெடிச்சிரும். இதச் சொன்னா, காசுக்காக இழுத்தடிக்கிறேன்னு என்னையவே வைவாங்க." அன்றைக்கு ராத்திரி வீட்டுக்கு வந்து இருநூறு பக்கத்தைத் தூக்கிப் போட்டேன். இப்போது நாவலின் கணக்கே அந்த ஒரு மழைக்காலம்தான். மனைவியைப் புதைத்த மண்மேடு உட்காருகிறவரை கதை நடக்கிறது. கல் வைக்கிற அன்று முடிகிறது.

கல்லறைத் திருநாளுக்கும் உங்களுக்குத்தான் நன்றி. நவம்பர் 2 சரியாக அடைமழையில் வந்து விழும் என்பதை யோசிக்காமலே வெள்ளை வெளேர் என்று ஒரு காட்சி எழுதியிருந்தேன். சுண்ணாம்பில் நீலமும் பசையும் எவ்வளவு கலக்க வேண்டும், முந்தின நாள் மழை வந்து கழுவிவிட்டால் விடியக் காலையில் எந்தக் கல்லறையில் இருந்து மறுபடி அடிக்கத் தொடங்க வேண்டும் என்று நீங்கள் சொன்னதெல்லாம் அப்படியே பதினோராம் அத்தியாயத்தில் இருக்கிறது. யாரும் வராத கல்லறைகளில் இருந்துதான் தொடங்குவீர்களாம். "மத்ததுக்கு ஆளு இருக்குல்ல" என்றீர்கள், விளக்கம் அவ்வளவுதான்.

மதினி, காதல் காட்சியைக் காப்பாற்றியது நீங்கள். குழி வெட்டிவிட்டு வருகிறவர் பூக்காரப் பெண்ணின் கையைப் பிடிக்கிறார், அவள் கண் கலங்குகிறது என்று எழுதியிருந்தேன். பூக்கட்டுகிற கையை நிறுத்தாமலே, "மொதல்ல அந்த ஆள கையக் கழுவச் சொல்லு" என்றீர்கள். நகக்கண்ணில் ஏறிய மண் சாமானியத்தில் போகாது என்றும், முப்பது வருஷமாகப் பின்வாசலில் தேங்காய் நாரும் ஒரு துண்டு 501 சோப்பும் வைத்திருப்பதாகவும், செம்பில் தண்ணீர் எடுத்து நீங்கள்தான் ஊற்றுவீர்கள் என்றும் சொன்னீர்கள். இப்போது புத்தகத்தில் அவள் தண்ணீர் ஊற்றுகிறாள், அவர் தேய்க்கிறார், ரெண்டு பேரும் ஒன்றும் பேசவில்லை. நாவலிலேயே எனக்குப் பிடித்த பக்கம் அது. என் பங்கு அதில் எழுத்துப்பிழை பார்த்தது மட்டும்தான்.

பூவிலும் தப்புச் செய்திருந்தேன். மதுரை என்றாலே மல்லிகை என்று எல்லாக் கல்லறையிலும் மல்லிகையாகக் கொட்டியிருந்தேன். 2013இல் புவிசார் குறியீடு வாங்கிய பூ அல்லவா, பெருமை! குளிர்காலத்தில் மாட்டுத்தாவணியில் கிலோ ஆயிரத்தைத் தாண்டுகிற நாளும் உண்டு, யார் வாங்கிக் கல்லறையில் போடுவார்கள் என்று சிரித்தீர்கள். செவ்வந்தி, சம்பங்கி, கோழிக்கொண்டை, வாடாமல்லி. சரி, மாற்றிவிட்டேன். வீட்டம்மாவுக்காக ரெண்டு முழம் மல்லிகையே வேண்டும் என்று வந்து, விலை கேட்டு உங்களோடு சண்டையும் போடுகிற அந்த ஒருவரை மட்டும் விட்டுவைத்திருக்கிறேன்.

அம்மாச்சி, உங்களிடம் நான் கேட்டு வாங்கிய அனுமதியைச் சபை அறியச் சொல்லிவிடுகிறேன். வாரம் ஒரு நாள் வருவீர்கள். ஜெபத்துக்கு முன்னால் குனிந்து, தாத்தாவின் கல்லறை ஓரத்தில் இருந்து பக்கத்துக் கல்லறை மேடை வரைக்கும் சாண் போட்டு அளப்பீர்கள். கட்டைவிரல், சுண்டுவிரல், ஒண்ணு, ரெண்டு. நாலு சாண் இருந்த இடம். பக்கத்துக் குடும்பம் டைல்ஸ் ஒட்டியதில் அரைச் சாண் போய்விட்டது. "எனக்கு எடம் பத்தாதுடா" என்று அண்ணனைப் பிடித்துக்கொண்டீர்கள். "நீ ஒல்லியாத்தான ஆத்தா இருக்க" என்றார் அவர். "செத்தா வெறைச்சு அகலமாயிருவேன், பாத்துக்க." அவர் மறுபேச்சுப் பேசாமல் ரெண்டு முளைக்குச்சி அடித்துக் கயிறு கட்டிவிட்டார். கயிறு நைந்தால் மாற்றுவதும் அவர்தான். கதையில் உங்களைப் போடலாமா என்று கேட்டேன். "போடு. அளவக் கொறச்சுப் போடாத." நாலு சாண் என்றேதான் போட்டிருக்கிறேன்.

வாத்தியார் ஐயா, கடைப் பழக்கத்தில் எல்லாக் கல்லிலும் 'இறைவனடி சேர்ந்தார்' என்று பொறித்துவைத்திருந்தேன். 'கர்த்தருக்குள் நித்திரையடைந்தார்' எங்கே வரும், 'நித்திய இளைப்பாற்றி' யார் வீட்டுச் சொல் என்று பிரித்துக் காட்டினீர்கள். 1834இல் மதுரைக்கு வந்த அமெரிக்க மிஷன்காரர்கள் பற்றி நீங்கள் சொன்ன எதையும் கதையில் சேர்க்க முடியவில்லை, மன்னியுங்கள். ஆனால் அந்தக் காலத்துக் கற்களில் வயதை வருஷம், மாதம், நாள் என்று மூன்றாகப் பிரித்து வெட்டியிருப்பார்கள் என்றீர்களே, அதை எடுத்துக்கொண்டேன். என் தோட்டக்காரர் மனைவியோடு வாழ்ந்த காலத்தை அப்படித்தான் எண்ணுகிறார்: 22 வருஷம், 4 மாதம், 9 நாள்.

கொந்தகையில் தாழிகளைக் காட்டிய அந்த மாணவருக்கும் நன்றி. கீழடி மக்களின் இடுகாடு அது என்பார்கள். அண்ணனையும் கூட்டிக்கொண்டு சிலைமான் தாண்டிப் போயிருந்தோம். நாங்கள் தாழியைப் பார்த்தோம், அவர் குழியைப் பார்த்தார். "செவரு பாரு, தூக்குக்குண்டு வச்ச மாதிரி! யாருய்யா வெட்டுனது?" என்று மாணவரிடம் கேட்டுவிட்டு, ரெண்டாயிரம் வருஷத்துக்கு மேல் ஆன புதைகுழி என்றதும் கொஞ்ச நேரம் பேசவில்லை. பஸ் ஏறும்போது, "இத்தன நாளா ஒருத்தரும் சுண்ணாம்பு அடிக்கலையே" என்றார். மாணவருக்கு அது கேட்டிருக்காது, அதனால் இங்கே எழுதுகிறேன்.

மற்றவர்களை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். இறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும் என்று சொல்லி என் ஏழாம் அத்தியாயத்தை ஒரே வாக்கியத்தில் கவிழ்த்த எழுத்தருக்கு நன்றி. பக்கம் வடிவமைத்த என் வீட்டுக்காரருக்கு நன்றி, 'ற'வையும் 'ர'வையும் பற்றி இனி வீட்டில் சண்டை இல்லை. பிளஸ் ஒன் படிக்கும் மகள் மொத்தப் பிரதியையும் வாசித்து, "கனத்த மௌனம் மட்டும் 17 எடத்துல இருக்கும்மா" என்று சீட்டு எழுதிக் கொடுத்தாள். இப்போது ஒன்றுதான் இருக்கிறது, அதுவும் தப்பித்தது. பிரதியை 14 மாதம் வைத்திருந்துவிட்டு, கடைசியில் கொஞ்சம் கண்ணீர் கூட்டச் சொன்ன பதிப்பகத்துக்கும் ஒரு வகையில் நன்றிதான். கண்ணீர் அஞ்சலி கடையில் உட்கார்ந்திருக்கிறவளிடம் கேட்டிருக்கக் கூடாது.

முதல் பிரதியை அம்மாச்சியிடம் கொடுத்தேன். சாண் போட்டுப் பார்த்து, "ஒரு சாண் இருக்குடி" என்றார். அண்ணனுக்கு அவர் பேத்தி தினமும் ராத்திரி பத்துப் பக்கம் வாசிக்கிறாளாம். குழி ஆழம் வரைக்கும் சரி என்று தகவல் வந்திருக்கிறது.

இன்னும் ஒருவர் பாக்கி. கல் வைக்கிற கடைசி அத்தியாயம் நகராமல் ரெண்டு மாதம் நின்றபோது அண்ணன்தான் சொன்னார்: "ஒங்கப்பாவக் கொண்டுபோன எடத்த ஒருதடவ போய்ப் பாத்துட்டு வா தாயி." ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம், யாரிடமும் சொல்லாமல், தெருமுனையைத் தாண்டித் தத்தனேரிக்கு நடந்தே போனேன். உள்ளே கூட்டம் இல்லை. வாளியோடு போய்க்கொண்டிருந்த ஒருவர் நின்று, "யாரப் பாக்கணும்மா?" என்றார். "யாரையும் இல்லண்ணே, சும்மா பாக்க வந்தேன்" என்றேன். அவர் மேற்கொண்டு ஒன்றும் கேட்கவில்லை. சுவரோரம் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலியை எடுத்துவந்து, தோள் துண்டால் சாம்பலைத் துடைத்து, நிழலில் போட்டுவிட்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டார். ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். அவர் பெயரைக் கேட்காமலே வந்துவிட்டேன். இதை யாராவது அவருக்கு வாசித்துக் காட்டினால் நல்லது. அண்ணே, நாற்காலிக்கு நன்றி.