பழைய போனில் கிடக்கும் அப்பா

ஆசிரியர் அவர்களுக்கு,

பழைய இணையதளங்கள் மறைவது பற்றிய உங்கள் கட்டுரையைப் படித்தேன். 2006 முதல் மூன்று வருஷம் மலேசியாவில், கிள்ளானில் ஒரு செல்போன் கடையில் வேலை பார்த்தவன் நான்.

கூட இருந்த மலாய்ப் பையன்கள் சாயங்காலமானால் புளூடூத்தைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்கள். தீப்பெட்டி மாதிரி சின்னதாக, அந்தக் காலத்துப் போன்களுக்கான 3GP வகை வீடியோ ஒன்று. அது அடுத்த போனுக்குப் போய்ச் சேர்வதற்குள் தே தாரிக் (அந்த ஊர்ப் பால் டீ) ஆறிவிடும். நண்பர்களோடு படமும் பேச்சும் பகிர நம்மூரில் ஆர்குட் தளம் என்றால் அங்கே ஃப்ரெண்ட்ஸ்டர். ‘கவான்-கவான்’ என்றால் மலாயில் நண்பர்கள். சொல் இரண்டு முறை வருவதால், அதை ‘கவான்2’ என்று சுருக்கி எழுத எனக்கும் பழக்கினார்கள். நம்மாட்களுக்கு இது தோன்றவில்லையே என்று நினைத்துக்கொள்வேன்.

2009-இல் ஒரு மலேசிய நிறுவனமே ஃப்ரெண்ட்ஸ்டரை வாங்கியது. 2011-இல் அது விளையாட்டுத் தளமானது. பழைய படங்கள் போயின. அப்புறம் 2014-இல் ஆர்குட்டும்.

என்னிடம் மிச்சம் ஒன்றுதான். விடுமுறையில் வந்தபோது, குளச்சல் கடற்கரையில் அப்பா வலையைச் சரிபார்ப்பதை எடுத்த ஒரு நிமிட வீடியோ. அது இருக்கும் பழைய போனின் பேட்டரி உப்பிவிட்டது, மாற்று கிடைக்கவில்லை. அப்பாவும் இப்போது இல்லை. நாகர்கோவில் மாவட்ட மைய நூலகத்தில், பழைய போன்களிலிருந்து படங்களை மீட்டுத்தர ஒருநாள் முகாம் நடத்தினால் முதல் ஆளாக வருவேன்.

- வாசகர், குளச்சல்